வௌவால் போன தீவுக்கு மூஞ்சூறு ஏன் போகவில்லை?

நடுக்கடலில் இருக்கும் ஏதோ ஒரு தீவில் ஹெலிகாப்டரிலிருந்து எலி மருந்து தூவினார்கள் என்று அவ்வப்போது செய்தி வருகிறது. உடனே கேள்விகளும் கிளம்புகின்றன. எலி இல்லாத ஊர் உண்டா? அந்தத் தீவில் மட்டும் அதை ஏன் பூண்டோடு ஒழிக்க வேண்டும்? அதுவும் அந்த மண்ணின் உயிர்தானே?

ஹவாய், தஹிதி, சமோவா, மொரிஷியஸ், சீஷெல்ஸ், சாகோஸ் ஆகிய தீவுகள் எதிலும் எலி அந்த மண்ணின் விலங்கு அல்ல. அணில், கீரி, மூஞ்சூறு எதுவுமே அங்கே இயற்கையாக இருந்ததில்லை. காடு உண்டு, மழை உண்டு, பழமும் பூச்சியும் வேண்டிய மட்டும் உண்டு. தரையில் ஓடும் சிறு பாலூட்டி மட்டும் கிடையாது. இதற்குக் காரணம் தீவுக்குள் இல்லை, வழியில் இருக்கிறது. அந்த வழியைக் கணக்குப் போட்டுப் பார்த்தால்தான் எலி ஒழிப்புச் செய்திகள் புரியும்.

முதலில் சில சொற்கள்

நம் வீட்டு ஓரங்களில் இரவில் கீச்சிட்டுக்கொண்டு ஓடும் மூஞ்சூற்றை எலிக் கணக்கில் சேர்த்துவிடுகிறோம். பிள்ளையாரின் வாகனத்தையும் அப்படித்தான் இரண்டு பெயரிலும் சொல்கிறோம். விலங்கியலில் இரண்டும் வெகு தூரம். எலி, சுண்டெலி, அணில் மூன்றும் கொறித்துண்ணிகள்: உளி போன்ற முன்பற்கள் வாழ்நாள் முழுக்க வளரும், தானியம், கொட்டை, கிழங்கு எதையும் தின்னும். மூஞ்சூறு பூச்சியுண்ணி; முள்ளெலிதான் அதற்கு உறவு. நீண்ட மூக்கு, ஊசிப் பற்கள், எந்நேரமும் பசி. இந்தப் பசி பின்னால் முக்கியமாகப் போகிறது.

தீவிலும் இரண்டு வகை உண்டு. இலங்கை ஒரு வகை. சேதுத் திட்டுகளின் மேல் பல இடங்களில் சில மீட்டர் தண்ணீர்தான். சுமார் 20,000 ஆண்டுகளுக்கு முன், பனியுகத்தின் உச்சத்தில், கடல்மட்டம் இன்றைக்கு இருப்பதைவிட 120 மீட்டர் அளவுக்குக் கீழே இருந்தது. அப்போது இலங்கை தீவே அல்ல. அணிலும் தேவாங்கும் மூஞ்சூறும் நடந்தே போயிருக்கலாம்.

மாலத்தீவு இன்னொரு வகை. பவளம் வளர்ந்து உருவான அது எந்தக் கண்டத்தோடும் என்றும் ஒட்டியிருந்ததில்லை. அங்கே இயற்கையாகப் போய்ச் சேர்ந்த பாலூட்டி பழந்தின்னி வௌவால். இன்று அங்கே காணப்படும் எலியும் மூஞ்சூறும் படகில் ஏறிப் போனவை. இந்தக் கட்டுரை இரண்டாம் வகையைப் பற்றியது. கடலடி எரிமலையோ பவளமோ எழுப்பிய இவற்றைப் பெருங்கடல் தீவுகள் என்கிறோம்.

யார் எதுவரை போனார்கள்

பசிபிக் வரைபடத்தை மேற்கிலிருந்து கிழக்காகப் பாருங்கள். நியூகினியில் எலி இனங்கள் ஏராளம். அடுத்துள்ள சாலமன் தீவுகளிலும் தனக்கே உரிய பெரிய மர எலிகள் உண்டு. வங்குனு தீவில் ஒரு புதிய இனத்துக்கு 2017இல்தான் பெயர் வைத்தார்கள். அதோடு சரி. அதற்குக் கிழக்கே பிஜி, டோங்கா, சமோவாவில் மண்ணின் பாலூட்டி என்றால் வௌவால் மட்டுமே. குக் தீவுகளோடு பழந்தின்னி வௌவாலும் நின்றுவிடுகிறது. தஹிதியில் அதுவும் இல்லை.

ஹவாய் விசித்திரமானது. கலிபோர்னியாவிலிருந்து சுமார் 3,700 கிமீ தள்ளி இருக்கும் அந்தத் தீவுக்கூட்டத்தின் இன்றும் வாழும் ஒரே மண்ணின் பாலூட்டி (கடல்வாழ்வன நீங்கலாக), 15 கிராம் அளவே எடையுள்ள நரைமுடி வௌவால். அதன் முன்னோர் அமெரிக்கக் கண்டத்திலிருந்து காற்றோடு வந்தவை. இன்னொரு வௌவால் இனமும் அங்கே இருந்து அழிந்துபோனது எரிமலைக் குகைகளில் கிடைத்த எலும்புகளால் தெரியவந்து, 2016இல் அதற்கும் பெயர் கிடைத்தது.

நீந்திப் போக முடியாதா?

முடியும், கொஞ்ச தூரம். நியூசிலாந்தில் நடந்த ஒரு சோதனை இதைத் துல்லியமாகக் காட்டுகிறது. எலியே இல்லாத 9.5 ஹெக்டேர் தீவு ஒன்றில், கழுத்தில் ரேடியோ பட்டை கட்டிய ஒரேயொரு ஆண் பழுப்பெலியை விட்டார்கள். பொறி, இரை, மோப்பநாய் எல்லாம் வைத்தும் பிடிபடவில்லை. பதினெட்டு வாரம் கழித்து, திறந்த கடலில் 400 மீட்டர் நீந்தி அடுத்த தீவுக்குப் போயிருந்த அதை, பென்குயின் இறைச்சி வைத்த பொறியில் பிடித்தார்கள். 2005இல் வெளியான ஆய்வு இது.

எலிகளில் நீச்சலுக்குப் பேர்போனது பழுப்பெலிதான். அதற்கே நூற்றுக்கணக்கான மீட்டர், மிஞ்சினால் ஒன்றிரண்டு கிலோமீட்டர். ஆகவே நூறு கிலோமீட்டர் கடலைக் கடக்க மிச்சமிருப்பது ஒரே வழி: மிதவை.

மிதவைக் கணக்கு

மிதவை என்றால் ஒற்றைக் கட்டை என்று நினைக்க வேண்டாம். பெருவெள்ளத்தில் ஆற்றங்கரை அப்படியே பெயர்ந்து, வேரும் மண்ணும் கொடியும் நிற்கும் மரமுமாகக் கடலுக்குள் போவது உண்டு. 1995 செப்டம்பரில் கரீபியனை இரண்டு சூறாவளிகள் அடுத்தடுத்துத் தாக்கின. அக்டோபர் தொடக்கத்தில் அங்குவில்லா தீவின் கரையில், வேரோடு பிடுங்கப்பட்ட மரங்களும் கட்டைகளும் பின்னிய பெரிய மிதவை ஒன்று ஒதுங்கியது. அதிலிருந்து பச்சை இகுவானா என்ற பெரிய ஓணான்கள் குறைந்தது பதினைந்து இறங்கி வந்தன. அந்தத் தீவில் அதற்கு முன் அந்த இனம் கிடையாது.

இகுவானாவால் முடிந்தது மூஞ்சூறுக்கு ஏன் முடியாது? படிப்படியாகப் பார்க்கலாம்.

1. நாள். நல்ல கடல் நீரோட்டம் நொடிக்கு அரை மீட்டர் ஓடும் என்று வையுங்கள். ஒரு நாளில் 43 கிமீ. 250 கிமீ என்றால் ஆறு நாள். 1,000 கிமீ என்றால் 23 நாள். ஹவாய்க்கு 86 நாள், அதுவும் நேர்கோட்டில் போனால். நீரோட்டம் நேர்கோட்டில் போவதில்லை. சுழலில் சிக்கினால் இந்தக் கணக்கு இரட்டிப்பாகும்.

2. பசி. பாலூட்டி தன் உடல் சூட்டைத் தானே உண்டாக்கிக்கொள்கிறது. அதற்கு எரிபொருள் ஓயாமல் வேண்டும். அதே எடையுள்ள ஊர்வனவுக்கு இதில் பத்தில் ஒரு பங்கும் தேவையில்லை. பாலூட்டிகளுக்குள்ளும் உடல் சிறுக்கச் சிறுக்க நிலைமை மோசம். எடை ஆயிரம் மடங்கு கூடினால், உண்ணாமல் தாங்கும் காலம் ஏறக்குறைய ஐந்தரை மடங்கு நீள்கிறது. திருப்பிச் சொன்னால், 10 கிலோ விலங்கு பட்டினியில் மூன்று வாரம் தாங்கும் இடத்தில் 10 கிராம் விலங்கு நான்கு நாள்கூடத் தாங்காது. குளிர்நாட்டுச் செம்பல் மூஞ்சூறுகளின் கதை இதைவிடக் கேவலம்: ஒரு நாளைக்குக் கிட்டத்தட்டத் தம் எடைக்குச் சமமாகத் தின்னும், சில மணி நேரம் இரை கிடைக்காவிட்டால் செத்துப்போகும்.

3. தாகம். பசியைவிடப் பெரும்பாலும் இதுதான் கொல்கிறது. கடல்நீரில் லிட்டருக்கு 35 கிராம் உப்பு. அதைக் குடித்து உப்பை வெளியேற்றும் சிறுநீரகம் சில பாலைவனக் கொறித்துண்ணிகளுக்கு உண்டு, மூஞ்சூறுக்கு இல்லை. சிறிய உடலில் எடைக்கு எடை தோல் பரப்பு அதிகம். வெப்பமண்டல வெயிலில் ஈரம் சீக்கிரம் வற்றும். வழியில் மழை பெய்து, இலையிடுக்கிலோ மரப்பொந்திலோ தண்ணீர் தேங்கினால்தான் பிழைப்பு.

4. துணை. கரை சேர்ந்தது ஒற்றை ஆணென்றால் கதை முடிந்தது. ஆணும் பெண்ணும் வேண்டும், அல்லது ஒரு சினைப்பெண். எலியின் சினைக்காலம் மூன்று வாரம். 23 நாள் பயணத்தில் அது வழியிலேயே ஈன்றுவிடும். பட்டினியில் பால் சுரக்காது, குட்டி தங்காது.

5. கரை. பவளத்திட்டு சூழ்ந்த தீவில் மிதவை அலையில் மோதிச் சிதறும். கடைசி நூறு மீட்டர் நீச்சல்தான்.

இந்த ஐந்தும் ஒரே பயணத்தில் கூடிவர வேண்டும். ஹவாய் இதற்கு நல்ல சாட்சி. வட அமெரிக்காவின் வடமேற்குக் கரையிலிருந்து ராட்சத மரங்கள் மிதந்து அங்கே ஒதுங்குவது வழக்கம். பழைய ஹவாய் மக்கள் அவற்றைக் குடைந்து பெரிய ஓடங்கள் செய்தார்கள். மரம் வந்தது. அதில் ஏறிய விலங்கு வரவில்லை.

ஆமையோடு ஒப்பிட்டால் வித்தியாசம் இன்னும் தெளிவாகும். 2004 டிசம்பரில் தான்சானியாவின் கடற்கரையில் அல்டாப்ரா ராட்சத ஆமை ஒன்று எலும்பும் தோலுமாக ஏறி வந்தது. கால்களில் கொட்டலசுகள், அதாவது பாறையிலும் கப்பலடியிலும் ஒட்டி வளரும் ஓட்டு உயிர்கள், வளர்ந்திருந்தன. பல வாரம் தண்ணீரில் கிடந்தால்தான் அவை அந்த அளவுக்கு வளரும். அல்டாப்ரா அங்கிருந்து சுமார் 740 கிமீ. மிதவைகூட இல்லாமல், தானே மிதந்து வந்த பயணம் அது.

விதிவிலக்குகள்தான் விதியைக் காட்டுகின்றன

"சிறு பாலூட்டி தொலைதூரத் தீவுக்குப் போகவே போகாது" என்று அடித்துச் சொல்ல முடியாது. போயிருக்கிறது. எங்கே, எப்படி என்பதில்தான் விஷயம்.

கலாபகஸ் ஈக்வடாரிலிருந்து சுமார் 1,000 கிமீ. அங்கே மண்ணின் எலிகள் உண்டு. 1835இல் சான் கிறிஸ்டோபல் தீவில் டார்வினே ஒன்றைச் சேகரித்தார். இவை நெல்லெலிகள் என்ற தென் அமெரிக்கக் கூட்டத்தைச் சேர்ந்தவை. அந்தக் கூட்டத்தில் சதுப்பிலும் ஆற்றோரத்திலும் வாழ்ந்து நன்றாக நீந்தும் இனங்கள் பல. குவாயாகில் வளைகுடாவில் ஆறு கொண்டுவந்து தள்ளும் மிதவைகள், தென்னமெரிக்கக் கரையோரக் குளிர் நீரோட்டத்தில் ஏறி மேற்கே போகின்றன. ஆறு, நீரோட்டம், நனையப் பழகிய பயணி மூன்றும் சேர்ந்தன. அங்கே மூஞ்சூறு இல்லை. எதிர்க்கரையில் கிளம்பவே ஆளில்லை: தென் அமெரிக்காவில் மூஞ்சூறு வடக்கு மலைப்பகுதிகளோடு சரி.

ஆப்பிரிக்காவின் மேற்கே சாவோ டோமே தீவில் இதற்கு நேர் எதிர். காபோன் கரையிலிருந்து சுமார் 250 கிமீ தொலைவிலுள்ள எரிமலைத் தீவு. அங்கே மண்ணின் எலி இல்லை, மூஞ்சூறு உண்டு. பக்கத்துத் தீவான பிரின்சிபேயிலும் உண்டு. ஆறு நாள் பட்டினியை மூஞ்சூறு எப்படித் தாங்கியது? இரண்டு பதில்கள் சேர்ந்துதான் விளக்கம் ஆகும். ஒன்று, இவை வெண்பல் மூஞ்சூறுகள். செம்பல் உறவினரைவிட இவற்றின் உடல் நிதானமாக எரியும். இரை குறைந்தால் உடல் சூட்டைத் தணித்துச் சில மணி நேரம் மந்தமாகக் கிடக்கும் திறமையும் உண்டு. விலங்கியலில் இதை டார்ப்பர் என்கிறார்கள். இரண்டு, உளுத்த மரத்தோடு போனால் கரையானும் புழுவும் கூடவே வரும். மூஞ்சூறுக்கு மிதவையே சமையலறை. இதே சாவோ டோமேயில் உப்பு நீர் பட்டாலே தோல் வற்றிச் சாகக்கூடிய நிலநீர்வாழிகளும் இருக்கின்றன. காங்கோ போன்ற பேராறுகளின் வெள்ளம் கடல் மேற்பரப்பை நெடுந்தூரத்துக்கு நன்னீராக்கிய காலங்களில் இவை வந்திருக்கலாம் என்பது இதற்குச் சொல்லப்படும் விளக்கம்.

ஜாவாவுக்குத் தெற்கே சுமார் 350 கிமீ தொலைவிலுள்ள கிறிஸ்துமஸ் தீவில் இரண்டும் இருந்தன: இரண்டு எலி இனங்கள், ஒரு வெண்பல் மூஞ்சூறு. நம் கணக்குப்படி எட்டு நாள் பயணம். அந்தமான், நிக்கோபாரில் இருக்கும் மூஞ்சூறுகளும் இதே வெண்பல் கூட்டம்தான்.

மடகாஸ்கர் தனிக்கதை. அது கண்டத் துண்டுதான். ஆனால் இன்றைய பாலூட்டிகளின் முன்னோர் வந்தது அது பிரிந்து வெகு காலம் கழித்து. சுமார் 400 கிமீ அகலக் கால்வாயைத் தாண்டி நான்கே கூட்டங்கள் குடியேறின: குரங்குக்கு உறவான லெமூர், முள்ளெலி போலத் தோன்றும் டென்ரெக், ஒரு கொறித்துண்ணிக் கூட்டம், ஒரு ஊனுண்ணிக் கூட்டம். டென்ரெக்கும் குள்ள லெமூர்களும் மாதக்கணக்கில் உறங்கிக் கிடக்க வல்லவை. உறங்கத் தெரிந்தவருக்குத்தான் டிக்கெட் கிடைத்தது என்று வேடிக்கையாகச் சொல்லலாம். எல்லாப் பயணிகளும் அப்படி உறங்கித்தான் வந்தார்கள் என்பதற்கு நேரடிச் சான்று கிடையாது.

தீவின் வயது

அரிய நிகழ்ச்சிக்குக் காலம் வேண்டும். கணக்குக்காக ஒரு கற்பனை எண்: ஒரு ஆண்டில் வெற்றிகரமான குடியேற்றம் நடக்கும் வாய்ப்பு பத்து லட்சத்தில் ஒன்று. ஒரு கோடி ஆண்டு பழைய தீவில் இது நடந்தே தீரும், பத்து முறைகூட நடக்கலாம். ஐந்து லட்சம் ஆண்டு இளைய தீவில் நடக்க வாய்ப்பு நாற்பது விழுக்காடுதான். ஹவாயின் மிகப் பெரிய தீவு பத்து லட்சம் ஆண்டுகூட ஆகாதது.

தாழ்ந்த பவளத்தீவுகளுக்கு இன்னொரு தொல்லை: அவை முழுகி முழுகி எழுகின்றன. அல்டாப்ரா ஒரு லட்சம் ஆண்டுகளுக்குச் சற்று முன் முற்றிலும் கடலுக்குள் போனது. பறக்க மறந்திருந்த கானாங்கோழி இனம் ஒன்று அப்போது அழிந்தது. கடல் வடிந்ததும் மடகாஸ்கர் பக்கத்திலிருந்து அதன் பறக்கும் உறவினர் மறுபடி வந்து, மறுபடி சிறகை இழந்தது. பறவைக்கு இரண்டாம் வாய்ப்பு கிடைத்தது. தரைப் பாலூட்டிக்கு முதல் வாய்ப்பே வரவில்லை.

"தீவு ஒத்துக்கொள்ளவில்லை" என்ற விளக்கம் ஏன் தவறு

இரை இல்லை, நோய், வெப்பம் என்று தீவின் மேல் பழி போடும் விளக்கங்கள் உண்டு. அவற்றை முறியடிக்க ஆய்வுக்கூடம் தேவையில்லை. கப்பல் பதிவேடு போதும்.

பசிபிக் தீவுகளில் குடியேறிய பாலினேசியர்களோடு வந்த சிற்றெலி அவர்கள் கால் வைத்த தீவுகளிலெல்லாம் பெருகியது. மடகாஸ்கரின் டென்ரெக்கை மொரிஷியஸ், ரீயூனியன், சீஷெல்ஸ் தீவுகளில் விட்டார்கள், மூன்றிலும் நிலைத்துவிட்டது. நம் வீட்டு மூஞ்சூறு கப்பல் சரக்கோடு மொரிஷியஸ் போய்ச் சேர்ந்தது. 1953இல் பசிபிக்கின் குவாமுக்கும் போய்த் தீவு முழுக்கப் பரவியது.

கீரியின் பயணம் எல்லாவற்றையும் மிஞ்சும். 1872இல் கல்கத்தாவிலிருந்து ஒன்பது கீரிகள் ஜமைக்கா போயின, கரும்புத் தோட்டத்து எலியைப் பிடிக்க. அங்கே பெருகிய கூட்டத்திலிருந்து 1883இல் 72 கீரிகள் ஹவாய்க்கு வந்தன, அங்கும் அதே வேலைக்கு. கீரி பகலில் இரை தேடும், எலி இரவில் நடமாடும். எலி குறையவில்லை. தரையில் முட்டையிடும் பறவைகள் குறைந்தன.

வராதவர்கள் வந்தபோது

பல லட்சம் ஆண்டுகளாகத் தரையில் மோப்பம் பிடித்து வரும் எதிரியே இல்லாத ஊரில், பறவை ஏன் மரத்தில் கூடு கட்ட வேண்டும்? கடற்பறவை மண்ணில் குழி பறித்து ஒரே ஒரு முட்டை இடும். எலிக்கு அது பரிமாறி வைத்த இலை.

சாகோஸ் தீவுகளில் 2018இல் வெளியான ஆய்வு இதை எண்ணில் காட்டியது. எலி இருக்கும் ஆறு தீவுகளையும் இல்லாத ஆறு தீவுகளையும் ஒப்பிட்டார்கள். எலியில்லாத தீவில் கடற்பறவை அடர்த்தி 760 மடங்கு. பறவை எச்சம் மண்ணுக்குக் கொடுக்கும் நைட்ரஜன் 251 மடங்கு. அந்தச் சத்து மழையில் கழுவிக் கடலில் இறங்குவதால், பவளத்திட்டு மீன்களின் மொத்த எடையும் கிட்டத்தட்ட ஒன்றரை மடங்கு. பறவையில் தொடங்கிய சேதம் மீன்வரை போகிறது.

மண்ணின் எலிகளும் தப்பவில்லை. கிறிஸ்துமஸ் தீவுக்கு 1899 வாக்கில் கப்பலில் கருப்பெலி வந்தது. அது சுமந்துவந்த ஒட்டுண்ணி நோயில் சில ஆண்டுகளிலேயே அங்கிருந்த இரண்டு எலி இனங்களும் முடிந்துபோயின. மூஞ்சூறை 1985க்குப் பிறகு யாரும் பார்க்கவில்லை.

ஹெலிகாப்டர் ஏன்?

பயன்படுத்துவது பெரும்பாலும் பிரோடிபாகூம், இரத்தம் உறைவதைத் தடுக்கும் நஞ்சு. இரைக் குருணையில் பத்து லட்சத்துக்கு 25 பங்கு. தின்ற எலி உடனே சாகாது, சில நாள் ஆகும். அதனால் மற்ற எலிகளுக்குச் சந்தேகம் வராது. ஒரு சினையெலி தப்பினாலும் வேலை வீண் என்பதால் ஒவ்வொரு எலியின் நடமாட்ட எல்லைக்குள்ளும் இரை விழ வேண்டும். மலையும் சதுப்புமான தீவில் அதைக் கையால் செய்ய இயலாது.

வெப்பமண்டலத்தில் இது அடிக்கடி தோற்கிறது. 2011இல் பசிபிக்கின் ஹென்டர்சன் தீவில் தோற்றது. 2012இல் வேக் தீவில் ஒரு எலி இனம் ஒழிந்தது, மற்றொன்று தப்பியது. தொல்லைகள் மூன்று:

1. நிலநண்டு. இரையைக் கூட்டம் கூட்டமாகத் தின்றுவிடும். அதன் இரத்தம் உறையும் விதமே வேறு என்பதால் நஞ்சு அதைக் கொல்வதில்லை. நண்டு தின்றது போக மிஞ்ச வேண்டுமே என்று குளிர்நாட்டுத் தீவுகளைவிடப் பல மடங்கு இரை போட வேண்டியிருக்கிறது.

2. ஆண்டு முழுக்க ஈற்று. இரை விழும் நாளில் வளைக்குள் பால் குடிக்கும் குட்டி நஞ்சைத் தின்னாது. அது வெளியே வரும்போது மறுபடி இரை இருக்க வேண்டும். ஆகவே இரண்டாம் தூவல்.

3. தென்னை. மட்டையிடுக்கில் குடியிருந்து குரும்பையைத் தின்னும் எலி தரைக்கே வருவதில்லை. பால்மைரா பவளத்தீவில் 2011இல் தண்ணீர்மேல் சாய்ந்த தென்னைகளின் தலையிலும் இரை வைத்தார்கள்.

பால்மைராவில் வேலை பலித்தது. யாரும் திட்டமிடாத ஒன்றும் கூடவே நடந்தது. அங்கே வந்தேறியிருந்த ஆசியப் புலிக்கொசு, பாலூட்டி இரத்தத்துக்கு எலியைத்தான் நம்பியிருந்தது. எலி போனதும் கொசுவும் தீவிலிருந்து மறைந்துவிட்டது. பறவையைக் கடிக்கும் க்யூலெக்ஸ் கொசு மட்டும் இருக்கிறது.

ஒழிப்பதைவிட வரவிடாமல் காப்பது மலிவு. கப்பலைக் கட்டும் வடத்தில் எலி ஏறாதபடி வட்டத் தகடு, கரையோரம் எலிப்பல் பதியும் மெழுகுக் கட்டைகள், சரக்குப் பெட்டிகளைத் திறந்து பார்ப்பது என்று முறைகள் எளியவை. விடாமல் செய்வதுதான் கடினம். ஹவாயில் கீரி நிலைபெறாத பெரிய தீவு கவாய். நேனே என்ற ஹவாய் வாத்து அங்கேதான் அதிகம். 2012இல் அந்தத் தீவில் இரண்டு கீரிகள் உயிரோடு பிடிபட்டன. அன்றுமுதல் அங்கே யாராவது கீரியைப் பார்த்ததாகத் தகவல் சொன்னால், ஒற்றைத் தகவலானாலும் பொறியோடு ஆள் போகிறது.